கேமரா முன் நிற்பவருக்கு என்ன பாதுகாப்பு? தன்பாலின அடல்ட் படத் துறையின் சர்ச்சைகளும், இந்திய ஆண்களுக்கு இல்லாத சட்டமும்

2022 அக்டோபரில் திருவனந்தபுரம் மாவட்டத்தைச் சேர்ந்த ஓர் இளைஞர் போலீஸில் ஒரு புகார் கொடுத்தார். வெப் சீரிஸில் ஹீரோ வாய்ப்பு என்று சொல்லிக் கூப்பிட்டார்கள், ஒப்பந்தத்தில் கையெழுத்து வாங்கினார்கள், அது அடல்ட் படம் என்பதே படப்பிடிப்பில்தான் தெரிந்தது, விலக நினைத்தபோது 5 லட்ச ரூபாய் நஷ்டஈடு கேட்டு மிரட்டினார்கள் என்பது அவர் சொன்னது. படம் 'யெஸ்மா' என்ற ஓடிடி தளத்தில் வெளியானது. 2024 மார்ச் 14 அன்று மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் முடக்கிய 18 ஓடிடி தளங்களில் யெஸ்மாவும் ஒன்று.

அந்தச் செய்தி வந்தபோது பலர் கேலி செய்தார்கள். "ஆம்பளைக்கு என்ன கஷ்டம்?" என்ற கேள்வியைப் பார்க்காத கமெண்ட் பாக்ஸே இல்லை.

அது தன்பாலினப் படம் அல்ல. ஆனால் அந்தக் கேலிக்குப் பின்னால் இருக்கும் நினைப்பு, தன்பாலின அடல்ட் படத் துறையில் இன்னும் பெரிதாக நிற்கிறது. ஆண் என்றால் விரும்பித்தான் வந்திருப்பான், 'கே' என்றால் கேட்கவே வேண்டாம் என்கிற நினைப்பு அது. ஆண்கள் மட்டுமே நடிக்கும் இந்தத் துறையில் உடல்நலம், சம்மதம், தனியுரிமை மூன்றிலும் 40 ஆண்டுகளாகச் சண்டை நடக்கிறது. அதில் என்ன நடந்தது, இந்தியாவில் ஒரு ஆண் இப்படி மாட்டிக்கொண்டால் சட்டம் எங்கே நிற்கிறது என்பதைப் பார்க்கலாம்.

சுருக்கமாக

• அமெரிக்காவில் இரண்டு பாதுகாப்பு முறைகள் உருவாயின. ஆண்-பெண் படங்களில் ரத்தப் பரிசோதனை, தன்பாலினப் படங்களில் ஆணுறை. இரண்டிலுமே ஓட்டை இருந்தது.

• பரிசோதனை முடிவுகளை ஒரே இடத்தில் சேர்த்து வைத்ததே 2011-ல் பெரிய தனியுரிமை விபத்தானது.

• இந்தியாவில் 2024 ஜூலை 1-க்குப் பிறகு, வயதுவந்த ஆணைப் பாலியல் வன்முறைக்கு உள்ளாக்குவதை நேரடியாகக் குற்றமாக்கும் பிரிவு குற்றவியல் சட்டத்தில் இல்லை.

• ஆனால் கை கட்டிக்கொண்டு உட்கார வேண்டியதில்லை. பயன்படுத்தக்கூடிய பிரிவுகளும் உதவி எண்களும் கடைசியில் உள்ளன.

ஆணுறையா, பரிசோதனையா?

தன்பாலின அடல்ட் படம் அமெரிக்காவில் பொதுவெளிக்கு வந்தது 1971-ல், வேக்ஃபீல்ட் பூல் இயக்கிய 'பாய்ஸ் இன் தி சாண்ட்' படத்தோடு. அதன் நாயகன் கேசி டோனவன் 1987-ல் எய்ட்ஸால் இறந்தார். நடிகராக இருந்து இயக்குநரான அல் பார்க்கர், பாதுகாப்பான உடலுறவைத் திரையில் காட்ட வேண்டும் என்று வலியுறுத்தியவர். அவரும் 1992-ல் எய்ட்ஸால் இறந்தார்.

நண்பர்களை அடக்கம் செய்துகொண்டிருந்த ஒரு சமூகம் எடுத்த முடிவு எளிமையானது: கேமரா முன் ஆணுறை கட்டாயம். 1980-களின் கடைசியிலிருந்து 1990-கள் முழுக்கப் பெரிய தன்பாலின ஸ்டுடியோக்களில் இதுதான் நடைமுறை. பரிசோதனையை அவர்கள் பெரும்பாலும் கேட்கவில்லை. அதற்கு ஒரு நியாயம் இருந்தது. "உனக்கு எச்.ஐ.வி. இருக்கிறதா" என்று கேட்டால், பாசிட்டிவ் ஆன நடிகர் வேலையை இழப்பார். எல்லோருக்கும் இருக்கலாம் என்று எடுத்துக்கொண்டு எல்லோரும் ஆணுறை போட்டால் யாரையும் ஒதுக்க வேண்டியதில்லை.

ஆண்-பெண் படங்கள் எடுத்தவர்கள் வேறு வழியில் போனார்கள். ஆணுறை வேண்டாம், பார்வையாளருக்குப் பிடிக்காது, அதற்குப் பதில் குறிப்பிட்ட நாட்களுக்கு ஒருமுறை பரிசோதனை என்றார்கள். இதற்காகவே 1998-ல் லாஸ் ஏஞ்சலஸில் 'எய்ம்' என்ற மருத்துவ மையம் தொடங்கியது. 2004-ல் பிரேசிலில் படப்பிடிப்பு முடித்துத் திரும்பிய ஒரு நடிகரிடமிருந்து 3 நடிகைகளுக்குத் தொற்று பரவியபோது, பரிசோதனை மட்டும் போதாது என்பது வெளிப்படையாகத் தெரிந்தது.

ஆணுறை முகாமிலும் விரிசல் விட்டது. 1990-களின் இறுதியில் ஆணுறை இல்லாத படங்களையே அடையாளமாகக் கொண்ட நிறுவனங்கள் வந்தன. ஆபத்தே விற்பனைப் பொருள் ஆனது. எதிர்த்தவர்கள் இது நடிகரையும் பார்ப்பவரையும் கெடுக்கும் என்றார்கள். ஆதரித்தவர்கள், எங்கள் வாழ்க்கையை உள்ளபடி காட்டுகிறோம், எங்களுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டாம் என்றார்கள். சமூகத்துக்குள்ளேயே நடந்த சண்டை என்பதால் இதில் சூடு அதிகம்.

நெகட்டிவ் என்று வந்தால் போதாதா?

போதாது. எச்.ஐ.வி. உடலில் நுழைந்த நாளும் பரிசோதனையில் தெரியும் நாளும் ஒன்றல்ல. நடுவில் இருப்பது இடைவெளிக் காலம். அமெரிக்க நோய்க்கட்டுப்பாட்டு மையமான சிடிசி தரும் கணக்கு இது:

• வைரஸின் மரபணுவையே தேடும் 'நாட்' பரிசோதனை: 10 முதல் 33 நாள்
• ஆய்வகத்தில் செய்யும் ஆன்டிஜன்-ஆன்டிபாடி பரிசோதனை: 18 முதல் 45 நாள்
• விரலில் குத்திச் செய்யும் ஆன்டிபாடி ரேபிட் பரிசோதனை: 23 முதல் 90 நாள்

அதாவது மிக நவீனமான பரிசோதனைக்குக்கூட முதல் 10 நாள் இருட்டு. தொற்றின் ஆரம்ப வாரங்களில்தான் ரத்தத்தில் வைரஸ் அளவும் உச்சத்தில் இருக்கும். அடுத்தவருக்குப் பரவும் வாய்ப்பு அதிகமாக இருக்கும் நேரமும் அறிக்கை 'நெகட்டிவ்' என்று சொல்லும் நேரமும் ஒன்றாக இருக்கலாம்.

இது வெறும் தியரி இல்லை. 2016 பிப்ரவரியில் சிடிசி ஓர் அறிக்கை வெளியிட்டது. 2014-ல் நடந்த சம்பவம். தன்பாலினப் படங்களில் நடித்த 25 வயது நடிகர் ஒருவருக்கு வேலைக்கு வெளியே தொற்று ஏற்பட்டிருந்தது. துறையின் 14 நாள் பரிசோதனை அவரைத் தடுத்து நிறுத்தவில்லை. தனக்குத் தொற்று இருப்பது தெரியாமல் சுமார் 22 நாட்கள் வேலையிலும் வெளியிலும் இருந்தார். படப்பிடிப்பில் ஒரு சக நடிகருக்கும், வெளியே ஒரு துணைக்கும் தொற்று போனது. வைரஸின் மரபணுவை ஒப்பிட்டு இது உறுதி செய்யப்பட்டது. பரிசோதனை மட்டுமே பாதுகாப்பு ஆகாது என்பது அந்த அறிக்கை சொன்ன பாடம்.

எச்.ஐ.வி. மட்டும்தான் பிரச்சினை என்று நினைத்தால் அதுவும் தப்பு. 2012-ல் வெளியான ஓர் ஆய்வில் லாஸ் ஏஞ்சலஸின் 168 அடல்ட் பட நடிகர், நடிகைகளைப் பரிசோதித்தார்கள். 47 பேருக்கு, அதாவது 28 சதவீதம் பேருக்கு, கொனோரியாவோ கிளமிடியாவோ இருந்தது. இன்னும் முக்கியமான கணக்கு: வழக்கமான சிறுநீர், பிறப்புறுப்புப் பரிசோதனையை மட்டும் செய்திருந்தால், 47-ல் 11 பேரைக் கண்டுபிடித்திருக்கவே முடியாது. அவர்களுக்குத் தொற்று தொண்டையிலோ ஆசனவாயிலோ இருந்தது. அந்த இடங்களில் இருந்த தொற்றுகளில் பெரும்பாலானவற்றுக்கு எந்த அறிகுறியும் இல்லை.

இது படத்துறைக்கு மட்டுமான தகவல் அல்ல. ஆண்களோடு உறவு வைத்துக்கொள்ளும் எந்த ஆணும் பால்வினை நோய்ப் பரிசோதனைக்குப் போனால், தொண்டையிலும் ஆசனவாயிலும் மாதிரி எடுக்கச் சொல்லிக் கேட்பது நல்லது. கூச்சப்பட்டு விட்டுவிட்டால், சுத்தமான ஒரு ரிப்போர்ட்டைக் கையில் வைத்துக்கொண்டு நோயோடு இருப்போம்.

மாத்திரை வந்த பிறகு என்ன மாறியது?

நிறைய. 2012 ஜூலையில் அமெரிக்கா எச்.ஐ.வி. வராமல் தடுக்கும் 'பிரெப்' மாத்திரைக்கு அனுமதி கொடுத்தது. சொன்னபடி சாப்பிட்டால் உடலுறவு மூலம் வரும் எச்.ஐ.வி.யை 99 சதவீதம் வரை தடுக்கும்.

அதற்கு முன்பே, தொற்று உள்ளவர் சிகிச்சையில் இருந்தால் அவரிடமிருந்து பரவுவது வெகுவாகக் குறையும் என்பதை 2011-ல் ஒரு பெரிய ஆய்வு காட்டியிருந்தது. அதற்குத் தரவு சேர்த்த மையங்களில் ஒன்று நம்ம சென்னை. 1986-ல் சென்னையில் இந்தியாவின் முதல் எச்.ஐ.வி. தொற்றுகளைக் கண்டறிந்த டாக்டர் சுனிதி சாலமன் தொடங்கிய ஒய்.ஆர்.ஜி. கேர் அந்த ஆய்வில் பங்கேற்றது. பிறகு 2019-ல் லான்செட் இதழில் வந்த 'பார்ட்னர் 2' ஆய்வு 782 தன்பாலின ஜோடிகளைப் பார்த்தது. ஒருவர் பாசிட்டிவ், சிகிச்சையில் இருப்பவர், மற்றவர் நெகட்டிவ். ஆணுறை இல்லாத 76,000-க்கும் மேற்பட்ட உறவுகளில், ஜோடிக்குள் பரவியது பூஜ்யம். ரத்தத்தில் வைரஸ் கண்டறிய முடியாத அளவுக்குக் குறைந்தால், உடலுறவு மூலம் பரவாது. இதுதான் இப்போதைய மருத்துவ உண்மை.

இந்த இரண்டும் சேர்ந்து தன்பாலினப் படத் துறையைத் தலைகீழாக மாற்றின. ஆணுறை இல்லாத படங்கள் பெரிய ஸ்டுடியோக்களிலும் சகஜமாயின. புதுக் கேள்விகளும் வந்தன. மாத்திரைக்குப் பணம் யார் கொடுப்பது? "நான் பிரெப் எடுக்கிறேன்" என்று நடிகர் வாயால் சொன்னால் போதுமா? ஆணுறை போட்டு நடிக்க விரும்புகிறவருக்கு அடுத்த படம் கிடைக்குமா?

கடைசிக் கேள்விதான் முக்கியம். "உனக்கு விருப்பம் இருந்தால் ஆணுறை போட்டுக்கொள்" என்று சொல்லும் இடத்தில், போட்டுக்கொள்பவருக்கு வாய்ப்பு குறைந்தால் அது விருப்பம் ஆகுமா? அதோடு, பிரெப் எச்.ஐ.வி.யைத் தடுக்கும், சிபிலிஸையும் கொனோரியாவையும் தடுக்காது.

சட்டம் போட்டால் சரியாகிவிடுமா?

கலிஃபோர்னியா இரண்டு முறை மக்களிடமே கேட்டது. 2012 நவம்பரில் லாஸ் ஏஞ்சலஸ் மாவட்டத்தில் 'மெஷர் பி' என்ற பெயரில், படப்பிடிப்பில் ஆணுறையைக் கட்டாயமாக்கும் வாக்கெடுப்பு. சுமார் 57 சதவீதம் பேர் ஆதரித்தார்கள். பல படப்பிடிப்புகள் மாவட்டத்துக்கு வெளியே போய்விட்டன. 2016 நவம்பரில் 'புரப்பொசிஷன் 60', மாநிலம் முழுவதற்கும். இந்த முறை சுமார் 54 சதவீதம் பேர் வேண்டாம் என்றார்கள்.

எதிர்த்துத் தெருவில் நின்றவர்களில் நடிகர்களே அதிகம். ஏன் தெரியுமா? விதி மீறப்பட்டதாக நினைக்கும் மாநிலவாசி யாரும் வழக்குப் போடலாம் என்று அதில் ஒரு ஷரத்து இருந்தது. வழக்கு என்றால் உண்மைப் பெயர், முகவரி எல்லாம் நீதிமன்ற ஆவணத்தில் வரும். பின்தொடர்ந்து தொல்லை கொடுப்பவர்கள் வீட்டு வாசலுக்கே வருவார்கள் என்று அவர்கள் பயந்தார்கள். தொழிலாளியின் பாதுகாப்புக்கான சட்டத்தைத் தொழிலாளியிடம் கேட்காமல் எழுதினால் இப்படித்தான் ஆகும்.

அந்த பயத்துக்கு ஆதாரம் இருந்ததா?

இருந்தது. 2011-ல் ஒரு வலைத்தளம் 12,000-க்கும் மேற்பட்ட நடிகர்களின் உண்மைப் பெயர்களை வெளியிட்டது. சிலரின் பிறந்த தேதி, குடும்பத் தகவல்கள்கூட வந்தன. தகவல் 'எய்ம்' மையத்தின் பரிசோதனைத் தரவுத்தளத்திலிருந்து கசிந்தது என்று குற்றச்சாட்டு எழுந்தது. அந்தத் தளம் முழுக்கத் தன்பாலினத்தவர் மீதான வெறுப்பு வசவுகள். தன்பாலினப் படத்தில் நடித்துவிட்டு ஆண்-பெண் படத்துக்கு வந்தவர்களைக் குறிவைத்து 'நோய் பரப்புகிறவர்கள்' என்று எழுதினார்கள். அதே ஆண்டு மே மாதம் எய்ம் மையம் மூடப்பட்டது.

நோயைத் தடுக்கச் சேர்த்த தரவே, மனிதரை வேட்டையாடும் பட்டியலாக மாறியது. மருத்துவ ஆப்பில் பெயரும் போன் நம்பரும் கொடுத்துப் பழகிவிட்ட நமக்கும் இது பாடம்.

இந்த விஷயத்தில் இந்தியச் சட்டம் கொஞ்சம் தெளிவானது. 2018 செப்டம்பர் 10-ல் அமலுக்கு வந்த எச்.ஐ.வி., எய்ட்ஸ் தடுப்பு மற்றும் கட்டுப்பாட்டுச் சட்டம், 2017-இன்படி, ஒருவரின் தகவலறிந்த சம்மதம் இல்லாமல் எச்.ஐ.வி. பரிசோதனை செய்யக் கூடாது. முடிவை வெளியிடவும் கூடாது. வேலை கொடுப்பதற்கு எச்.ஐ.வி. பரிசோதனையை நிபந்தனை ஆக்கவும் கூடாது. அதாவது அமெரிக்காவின் 'நெகட்டிவ் சான்று இருந்தால்தான் வேலை' என்ற முறையே இங்கே சட்டவிரோதம்.

அந்த வெறுப்பு எங்கே கொண்டுபோகும் என்பதற்கு இன்னொரு உதாரணமும் உண்டு. 2017 டிசம்பரில் நடிகை ஆகஸ்ட் ஏம்ஸ், தன்பாலினப் படத்தில் நடித்த ஆணோடு நடிக்க மறுத்ததை ட்விட்டரில் எழுதினார். தன் உடலைப் பற்றி முடிவெடுக்கும் உரிமை அவருக்கு உண்டு என்று ஒரு தரப்பு. அதே பரிசோதனை செய்துகொண்டு வருபவரைத் தன்பாலினப் படம் என்பதற்காக மட்டும் ஒதுக்குவது பாகுபாடு என்று மறு தரப்பு. விவாதம் வசைமழையானது. சில நாட்களில், 23 வயதில், அவர் உயிரிழந்தார். இரண்டு தரப்பிலும் நியாயம் இருந்த ஒரு கேள்வியைக் கும்பல் கையில் கொடுத்ததன் விலை அது.

சம்மதம்: ஒருமுறை சொன்னால் எப்போதும் 'சரி'யா?

இந்தத் துறையில் 'பணத்துக்காக கே' என்று ஒரு சொல்வழக்கு உண்டு. தன்பாலின ஈர்ப்பு இல்லாத ஆண்கள், சம்பளம் அதிகம் என்பதால் தன்பாலினப் படத்தில் நடிப்பது. விவரம் தெரிந்து, விரும்பி வருகிற வயதுவந்தவர்கள் இருக்கிறார்கள். அவர்களைப் பரிதாபத்துக்குரியவர்களாகப் பார்ப்பதும் அவமதிப்புத்தான்.

ஆனால் பஞ்சம் சம்மதம் வாங்கிய கதைகளும் இருக்கின்றன. கம்யூனிச ஆட்சி விழுந்த பிறகு 1990-களில், ப்ராக் நகரின் ரயில் நிலையத்தையும் தெருக்களையும் சுற்றித் திரிந்த சிறுவர்களை வைத்து அடல்ட் படம் எடுத்த தொழில் ஒன்று வளர்ந்தது. போலந்து இயக்குநர் விக்டர் க்ரோடெக்கி அந்தச் சிறுவர்களைப் பேச வைத்து 1994-ல் ஒன்று, 1996-ல் 'பாடி வித்தவுட் சோல்' என இரண்டு ஆவணப்படங்கள் எடுத்தார். கேமராவுக்குப் பின்னால் இருந்தவர்களுக்குப் பணம், எதிரே இருந்தவர்களுக்கு நோயும் பயமும் என்ற கணக்கு அதில் தெரிந்தது. சிறுவர்கள் விஷயத்தில் 'சம்மதம்' என்ற பேச்சுக்கே இடமில்லை. அது குற்றம், அவ்வளவுதான்.

வயதுவந்தவர்களுக்கு வருவோம். சம்மதம் எதற்குக் கொடுக்கப்பட்டது என்பது முக்கியம். அமெரிக்காவின் சான் டியாகோவில் ஒரு நிறுவனம், வீடியோ வெளிநாட்டில் டிவிடியாக மட்டும் விற்கப்படும், இணையத்தில் வராது என்று சொல்லிப் பெண்களை நடிக்க வைத்தது. எல்லாம் இணையத்தில் வந்தது. 22 பெண்கள் வழக்குப் போட்டார்கள். 2020 ஜனவரியில் நீதிமன்றம் சுமார் 1.3 கோடி டாலர் இழப்பீடு கொடுத்ததோடு, கையெழுத்தான ஒப்பந்தங்கள் செல்லாது, வீடியோக்களின் உரிமை அந்தப் பெண்களுக்கே என்று தீர்ப்பளித்தது. கையெழுத்து இருந்தும், ஏமாற்றி வாங்கிய கையெழுத்துக்கு மதிப்பில்லை என்றது நீதிமன்றம்.

2020 டிசம்பரில், சரிபார்க்கப்படாதவர்கள் ஏற்றிய லட்சக்கணக்கான வீடியோக்களை பார்ன்ஹப் தளம் ஒரே மூச்சில் அகற்றியதும் இதே அழுத்தத்தால்தான். அதுவரை அந்த வீடியோக்களில் இருந்தவர்கள் யார், அவர்களைக் கேட்டு எடுத்ததா என்று யாரும் பார்க்கவில்லை.

சரி, இந்தியாவில்?

இங்கே வெளிப்படையான தன்பாலின அடல்ட் படத் துறை என்று ஒன்று கிடையாது. காரணம் எளிது. தகவல் தொழில்நுட்பச் சட்டப் பிரிவு 67ஏ-இன்படி, வெளிப்படையான பாலியல் காட்சிகளை இணையத்தில் வெளியிடுவது குற்றம். முதல் முறை 5 ஆண்டு வரை சிறை, 10 லட்சம் வரை அபராதம். அடுத்த முறை 7 ஆண்டு வரை. தனியாக வீட்டில் பார்ப்பது வேறு விஷயம்: அது குற்றமல்ல என்று 2023 செப்டம்பரில் கேரள உயர் நீதிமன்றம் சொன்னது. சிறார் தொடர்பான காட்சிகளுக்கு இந்த விலக்கு இல்லை. பதிவிறக்கிப் பார்ப்பதும் வைத்திருப்பதும்கூடக் குற்றம்தான் என்று 2024 செப்டம்பர் 23-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கு அது.

ஆக, பார்க்கலாம், வெளியிடக் கூடாது. விளைவு? தொழில் நிற்கவில்லை, மறைவுக்குப் போனது. டெலிகிராம் குழுக்கள், சந்தா ஆப்கள், வெளிநாட்டுத் தளங்கள் என்று ஓடுகிறது. மறைவில் நடக்கும் தொழிலில் ஆணுறை விதியும் இல்லை, பரிசோதனையும் இல்லை, புகார் செய்ய ஓர் இடமும் இல்லை. ஏமாற்றப்பட்டவர் போலீஸுக்குப் போனால், "நீயும்தானே நடிச்சே, உன் மேலயும் கேஸ் வரும்" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், வாயை மூடிக்கொள்வார்.

இதைவிடப் பெரிய ஓட்டை ஒன்று இருக்கிறது.

2018 செப்டம்பர் 6-ல் உச்ச நீதிமன்றம் பிரிவு 377-ஐ முழுசாக ரத்து செய்யவில்லை. வயதுவந்தவர்களின் சம்மதத்துடனான உறவை மட்டும் அதிலிருந்து விடுவித்தது. சம்மதமில்லாமல் ஒரு ஆணிடம் நடந்துகொண்டால் 377 தொடர்ந்து பாயும் என்ற நிலை இருந்தது. 2024 ஜூலை 1-ல் பாரதிய நியாய சன்ஹிதா அமலுக்கு வந்தபோது 377 முழுவதுமாகக் காணாமல் போனது. அதற்கு மாற்றாக எதுவும் வரவில்லை. புதிய சட்டத்தின் வன்புணர்வுப் பிரிவு 63, ஆண் ஒருவர் பெண்ணுக்குச் செய்யும் குற்றத்தை மட்டுமே பேசுகிறது.

நாடாளுமன்ற நிலைக்குழு 2023-லேயே இந்த ஓட்டையைச் சுட்டிக்காட்டி, சம்மதமில்லாத செயல்களுக்காவது 377-ஐ வைத்திருங்கள் என்று பரிந்துரைத்தது. ஏற்கப்படவில்லை. 2024 ஆகஸ்டில் டெல்லி உயர் நீதிமன்றம் மத்திய அரசிடம் இதுபற்றிக் கேள்வி எழுப்பியது. அக்டோபரில் உச்ச நீதிமன்றம், புதிதாகக் குற்றத்தை உருவாக்குவது நாடாளுமன்றத்தின் வேலை என்று சொல்லி மனுவை ஏற்க மறுத்தது.

ஒருவரை மிரட்டிக் கேமரா முன் நிறுத்தி, விருப்பமில்லாத பாலியல் செயலைச் செய்ய வைக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். அவர் பெண் என்றால் வன்புணர்வு வழக்கு. ஆண் என்றால் காயம், மிரட்டல், அடைத்துவைத்தல் என்று துண்டு துண்டாகத்தான் வழக்குப் போட வேண்டும். ஒளிந்திருந்து படம்பிடிக்கும் குற்றத்துக்கான பிரிவு 77-லும் பாதிக்கப்பட்டவர் பெண்ணாக இருக்க வேண்டும்.

மாட்டிக்கொண்டால் என்ன செய்யலாம்?

சட்டத்தில் ஓட்டை இருக்கிறது என்பதற்காக ஒன்றுமே இல்லை என்று அர்த்தமல்ல.

1. ஒப்பந்தத்தைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். இந்திய ஒப்பந்தச் சட்டம், 1872-இல் பிரிவு 23-இன்படி சட்டவிரோத நோக்கம் கொண்ட ஒப்பந்தம் செல்லாது. பிரிவு 19-இன்படி ஏமாற்றியோ மிரட்டியோ வாங்கிய ஒப்பந்தத்தை ரத்து செய்யும் உரிமை உங்களுக்கு உண்டு. "5 லட்சம் கட்டு" என்ற மிரட்டலை முன்வைத்தே புகார் கொடுக்கலாம்.

2. ஆணுக்கும் பொருந்தும் பிரிவுகள் இவை: தகவல் தொழில்நுட்பச் சட்டம் 66இ (அந்தரங்கத்தைச் சம்மதமின்றிப் படம்பிடிப்பது, பகிர்வது), 67ஏ. பாரதிய நியாய சன்ஹிதாவில் 308 (மிரட்டிப் பறித்தல்), 351 (குற்ற மிரட்டல்), 127 (அடைத்துவைத்தல்), 143 (ஆள்கடத்தல்). வழக்கறிஞர் இல்லை என்றால் இலவச சட்ட உதவி எண் 15100.

3. சாட், பணம் அனுப்பிய விவரம், ஒப்பந்த நகல், லிங்க் எல்லாவற்றையும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். அவமானத்தில் அழித்துவிட்டால் ஆதாரமும் போய்விடும்.

4. படப்பிடிப்பு ஒரு மாநிலம், வீடு இன்னொரு மாநிலமா? இடுக்கி மாவட்டத்து ஆனைக்கரையில் இருப்பவருக்குத் தமிழ்நாட்டில் சம்பவம் நடந்திருக்கலாம், கம்பத்துக்காரருக்குக் கேரளத்தில் நடந்திருக்கலாம். "அந்த ஸ்டேஷனுக்குப் போ" என்று திருப்பி அனுப்ப முடியாது. எந்தக் காவல் நிலையத்திலும் 'ஜீரோ எஃப்ஐஆர்' பதிய வேண்டும் என்று பிரிவு 173-ல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா சொல்கிறது. இணையத்தில் புகாருக்கு தேசிய சைபர் கிரைம் தளம் இருக்கிறது. பணம் பறிபோயிருந்தால் உடனே 1930.

5. வீடியோவை இறக்க: 2021 தகவல் தொழில்நுட்ப விதிகள், பாதிக்கப்பட்டவர் புகார் கொடுத்தால் அந்தரங்கக் காட்சியை 24 மணி நேரத்துக்குள் தளங்கள் அகற்ற வேண்டும் என்று வைத்தன. இதில் ஆண், பெண் வித்தியாசம் இல்லை. 2025 ஜூலையில் ஒரு பெண் வழக்கறிஞரின் அந்தரங்கக் காட்சிகள் பரவிய வழக்கில், 48 மணி நேரத்துக்குள் அகற்றச் சொல்லி மத்திய அரசுக்கு சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. 'ஸ்டாப் என்சிஐஐ' என்ற இலவச சேவையும் உண்டு. உங்கள் வீடியோ உங்கள் போனை விட்டு வெளியே போகாது. அதன் டிஜிட்டல் கைரேகை மட்டும் போகும். சேவையில் சேர்ந்த தளங்கள் அதை வைத்து அந்த வீடியோவைத் தடுக்கும்.

6. உடல்நலம்: ஆபத்தான உறவு நடந்து 72 மணி நேரத்துக்குள் என்றால், 28 நாள் சாப்பிடும் 'பெப்' சிகிச்சை எச்.ஐ.வி.யைத் தடுக்கலாம். எவ்வளவு சீக்கிரமோ அவ்வளவு நல்லது. உடனே அரசு மருத்துவமனைக்குப் போங்கள். பரிசோதனை இலவசம். தமிழ்நாட்டில் 'நம்பிக்கை மையம்' என்று கேளுங்கள், கேரளத்தில் 'ஜ்யோதிஸ்' என்று கேளுங்கள். சின்ன ஊரில் தெரிந்தவர் கண்ணில் பட்டுவிடுவோமோ என்று பயமாக இருந்தால், அடுத்த ஊர் மையத்துக்குப் போவதில் தப்பே இல்லை. எச்.ஐ.வி. பற்றிய எல்லாச் சந்தேகத்துக்கும் 1097. மனசு தாங்கவில்லை என்றால் டெலி-மானஸ் 14416. தமிழிலும் பேசலாம்.

இது எனக்கு எதற்கு என்று கேட்டால்...

2021-ல் இந்தியாவில் நடந்த கண்காணிப்பு ஆய்வின்படி, ஆண்களோடு உறவு கொள்ளும் ஆண்களில் சுமார் 3.3 சதவீதம் பேருக்கு எச்.ஐ.வி. இருந்தது. நாட்டின் வயதுவந்தவர்களில் இது சுமார் 0.2 சதவீதம். இந்த இடைவெளி ஒழுக்கக்கேட்டின் கணக்கு அல்ல. கூச்சமில்லாமல் கேட்கவும், பரிசோதிக்கவும், புகார் கொடுக்கவும் இடமில்லாமல் போனதற்கும் இதில் பெரிய பங்கு உண்டு.

40 ஆண்டு சர்ச்சையில் ஆணுறை, மாத்திரை, வாக்கெடுப்பு, தரவுத்தளம் என்று எல்லாவற்றையும் முயன்றுபார்த்தார்கள். ஒவ்வொரு முறையும் தோற்ற இடம் ஒன்றுதான்: ஆபத்து முழுவதும் கேமரா முன் நிற்பவர் தலையில், லாபம் முழுவதும் பின்னால் இருப்பவர் கையில். நடிகருக்கு 'வேண்டாம்' என்று சொல்லவும், சொன்ன பிறகு வேலையை இழக்காமல் இருக்கவும், ஏமாற்றப்பட்டால் சிரிப்புக்கு ஆளாகாமல் புகார் கொடுக்கவும் முடிந்த இடங்களில் மட்டும்தான் கொஞ்சம் மாற்றம் வந்தது.

நாடாளுமன்றம் ஒரு பிரிவைச் சேர்க்க எத்தனை நாள் ஆகும் என்பது நம் கையில் இல்லை. 2022-ல் திருவனந்தபுரம் இளைஞர் புகார் கொடுத்தபோது கமெண்டில் சிரித்த ஸ்மைலி நம் கையில்தான் இருந்தது.